மூடுபனியில் போட்ட யார்க்கர்

கல்லாற்றில் ஆற்றை ஒட்டி ஒரு சாயக்கடை. பொன்முடி மலை ஏறுகிறவர்கள் வண்டியை ஓரம்கட்டி ஒரு சாயாவும், பழம்பொரி என்கிற வாழைப்பழ பஜ்ஜியும் சாப்பிட்டுப் போகிற இடம். பழம்பொரி அடுக்கியிருந்த கண்ணாடி அலமாரிக்கு மேலே, சுவரில், சட்டம் போட்டு மாட்டியிருந்தது என் படம்.

மாலை போட்டிருக்கிறார்களா என்றுதான் முதலில் பார்த்தேன். இல்லை. கொஞ்சம் நிம்மதியாக இருந்தது.

டிவியில் நான் பேசிக்கொண்டிருக்கும்போது யாரோ மொபைலில் பிடித்துப் பெரிதாக்கிய படம். வாய் திறந்திருக்கிறது, கண் பாதி மூடியிருக்கிறது. தும்மப் போகிறவன் மாதிரி இருக்கிறேன். அதன் கீழே மலையாளத்தில் சிவப்புப் பெயின்ட்டால் எழுதியிருந்தார்கள்: ‘இந்தச் சாமியின் யார்க்கரில் அவுட்டான தங்கராஜின் கடை.’

அந்தத் தங்கராஜ் சாயாவை நீட்டி அடித்துக்கொண்டே, பைக்கில் வந்து இறங்கிய நாலைந்து இளைஞர்களுக்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தார். மலையாளத்தில்தான் சொன்னார். நடுநடுவே அவருடைய தமிழ் எட்டிப் பார்த்தது. நான் மொத்தத்தையும் தமிழிலேயே தருகிறேன்.

“பனின்னா அப்படி ஒரு பனி. என் பேட்டோட நுனி எனக்குத் தெரியல. ஆளு ஓடி வர்ற சத்தம் மட்டும் கேக்குது. ஸ்ஸுன்னு ஒண்ணு காலுக்கடியில போச்சு. திரும்பிப் பாக்கேன், மிடில் ஸ்டம்பு மல்லாந்து கெடக்கு. அப்படிப் போட இந்த மனுஷன் ஒருத்தராலதான் முடியும்!”

இளைஞர்கள் என் படத்தைப் பார்த்துக் கும்பிடாத குறை. நான் தொப்பியை இன்னும் கொஞ்சம் கீழே இழுத்துவிட்டுக்கொண்டு, கடைசி பெஞ்சில் சுவரைப் பார்த்து உட்கார்ந்தேன்.

ஏனென்றால் அந்தக் கதை முழுப் பொய். பொய் என்பது உலகத்தில் இரண்டே பேருக்குத்தான் தெரியும். ஒருவன் நான். இன்னொருவர் அங்கே நின்று சாயா அடித்துக்கொண்டிருந்தவர்.

பொய்யைக் கிளப்பிவிட்டது நான். நான் சொல்வதில் ஒரு நியாயம் இருக்கிறது, எனக்கு அதில் பெயர் கிடைத்தது. அவர் எதற்காக அதைச் சொல்ல வேண்டும்? அந்தப் பொய்யால் கெட்டுப்போனவரே அவர்தானே!

வடாம் காயும் தெருவில்

தோள்பட்டைக்கு எண்ணெய் தேய்த்த கதையை இந்தத் தொடரில் போன வாரம் எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு நாகர்கோவில் வாசகர் ஒருவர் கடிதம் போட்டிருக்கிறார். “கரமனை அக்ரஹாரத்தில் ஆட்கள் வேகமாக ஓடுவது சாப்பாட்டுப் பந்திக்கு மட்டும்தானே, அங்கிருந்து வேகப்பந்து வீச்சாளர் எப்படி வந்தார்?” என்று கேட்கிறார். நல்ல கேள்வி. பந்திக்கு ஓடிப் பழகித்தான் ரன்னப் சரியாக அமைந்தது என்று பதில் போட்டிருக்கிறேன்.

உண்மையான காரணம் எங்கள் தெரு. ஒற்றை நூல் பிடித்தது போல நீளமான தெரு, ஒட்டு ஒட்டாக வீடுகள். மட்டையைக் கையில் எடுத்தால் யார் வீட்டு ஓடாவது உடையும். ஆகவே தெருக்காரர்கள் கூடிப் பேசி, “பேட்டிங் கூடாது, வேணும்னா பந்தை மட்டும் எறிஞ்சுண்டு போங்கோ” என்று தீர்மானம் போட்டார்கள். மட்டையே இல்லாத கிரிக்கெட்டை நீங்கள் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். நாங்கள் ஆறு வருஷம் ஆடினோம்.

இரண்டு பக்கமும் வடாமும் அப்பளமும் காயும். பந்து ஒரு சாண் விலகினால் ஒரு வீட்டு வடாம் போச்சு, மாலையில் அந்த வீட்டு மாமி எங்கள் வீட்டுக்கு வந்து என் பரம்பரையையே விசாரிப்பாள். நேராகப் போடுவது எனக்குப் பயிற்சியாளர் சொல்லித் தந்ததல்ல.

வீட்டைவிட்டு இறங்கும்போது அம்மா நெற்றியில் மூன்று விரலால் விபூதியை இழுத்துவிடுவாள். மைதானத்தில் அது வேர்வையில் குழைந்து மூக்குவரை இறங்கும். எல்லோரும் என்னைச் சாமி என்றுதான் கூப்பிட்டார்கள். மாநில அணிக்குப் போன பிறகும் அதேதான். அந்த விபூதியால் எனக்கு நிறைய லாபம். எல்.பி.டபிள்யூ. கேட்டுக் கத்தினால் அம்பயர்கள் முதலில் என் நெற்றியைப் பார்ப்பார்கள், பிறகுதான் காலைப் பார்ப்பார்கள். இவன் பொய்யாகக் கத்த மாட்டான் என்று ஒரு நம்பிக்கை.

மாநில அணியில் சில பருவங்கள் ஆடினேன். நாடு முழுக்கத் தெரிந்த ஒரு பெரிய ஆட்டக்காரருக்கு ஒருமுறை பந்து போட்டிருக்கிறேன். அவர் என் ஒரே ஓவரில் என்ன செய்தார் என்று டிவியில் இதுவரை யாரும் கேட்டதில்லை. நானாக நினைவுபடுத்துவதும் இல்லை.

ஒரே ஒரு கோட்டு

தோள் போயிற்று, ஆட்டம் போயிற்று. ஒரு சர்க்கார் அலுவலகத்தில் ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் கிடைத்த நாற்காலியில் ஓய்வு பெறும்வரை உட்கார்ந்திருந்தேன். ஓய்வு பெற்ற மறுமாதம் ஒரு மலையாளச் செய்திச் சேனலில் கூப்பிட்டார்கள். கிரிக்கெட் நடக்கும் நாட்களில் வந்து கருத்துச் சொல்ல வேண்டும்.

அந்த ஸ்டுடியோவில் விருந்தாளிகளுக்கென்று ஒரே ஒரு கோட்டு உண்டு. கருநீலம். காலையில் ஜோசியர் போடுவார், மத்தியானம் விவசாய அதிகாரி, சாயங்காலம் நான். மூன்று பேருடைய வாசனையும் அதில் உண்டு. நானோ ஆறடி இரண்டு அங்குலம். கோட்டு தைக்கப்பட்டது யாரோ ஒரு நடுத்தர உயரக்காரருக்கு. கையைத் தோளுக்கு மேல் தூக்கினால் அக்குள் கிழியும். அதனால் எட்டு வருஷமாகப் பந்துவீச்சைப் பற்றிப் பேசியும், ஒருநாள்கூட நான் கையைத் தூக்கிக் காட்டியதில்லை. “மூர்த்தி சார் என்ன நிதானம், கையே அசையாது” என்று ஒரு பத்திரிகையில் பாராட்டி எழுதினார்கள்.

ஒருநாள் எங்கோ மழை. ஆட்டம் நின்றுவிட்டது. நிகழ்ச்சியில் நிரப்ப நேரம் நிறைய இருந்தது, பேச விஷயம் இல்லை. நிகழ்ச்சி நடத்துகிற நிகில் திடீரென்று கேட்டான், “சாரோட வாழ்க்கையில பெஸ்ட் பந்து ஏதாக்கும்?”

போனக்காட்டுத் தேயிலைத் தோட்டத்தில், மூடுபனியில், கடைசிப் பந்தில், நடு ஸ்டம்பைச் சாய்த்த யார்க்கரைச் சொன்னேன்.

அவ்வளவுதான், அது மொபைல் மொபைலாகப் பரவிவிட்டது. அப்புறம் எந்தச் சேனலுக்குப் போனாலும் அந்தப் பந்தைத்தான் கேட்டார்கள். முதல் தடவை சொன்னபோது ஸ்டம்ப் சாய்ந்தது. இரண்டாம் தடவை அது மூன்று கரணம் அடித்தது. ஒரு பள்ளிக்கூட ஆண்டுவிழாவில் இரண்டாகவே ஒடிந்துவிட்டது. இன்னும் இரண்டு வருஷம் விட்டிருந்தால் தீப்பிடித்திருக்கும்.

பொன்முடி என்று சொல்லிப் புறப்பட்டது

சரி, கல்லாற்றுக்கு ஏன் போனேன் என்பதைச் சொல்லவில்லையே. அந்த வாரம் திங்கட்கிழமை நிகில் போனில் கூப்பிட்டான். குரலில் அப்படியொரு துள்ளல்.

“சாரே, அந்த ஆளக் கண்டுபிடிச்சு! யார்க்கரில அவுட்டான ஆளு. கல்லாறுல சாயக்கட. ஞாயிற்றுக்கிழமை ரெண்டு பேரையும் ஒண்ணா உட்கார வைக்கிறோம். லைவ்!”

லைவ் என்றால் வெட்ட முடியாது. அந்த மனுஷன் நேராகக் கேமராவைப் பார்த்து, “இவர் புளுகர்” என்று இரண்டு வார்த்தை சொன்னால் போதும். எட்டு வருஷப் பெயர், கரமனையில் தலைநிமிர்ந்து நடப்பது, காய்கறிக் கடைக்காரர் கூப்பிட்டுக் கொடுக்கிற முருங்கைக்காய், எல்லாம் ஒரே நாளில் போய்விடும்.

முன்கூட்டியே போய் அவர் காலைப் பிடித்தாவது கெஞ்சிவிட வேண்டும் என்று முடிவு செய்தேன். மனைவி லலிதாவிடம், “பொன்முடி பாத்து எத்தனை நாளாச்சு, போயிட்டு வரலாமா?” என்றேன்.

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். “கல்யாணமான நாள் தொட்டு நான் கேக்கறேன். இப்பதான் உங்களுக்குத் தோணித்தா? என்ன தப்பு பண்ணினேள், சொல்லுங்கோ.”

முப்பது வருஷத்துக்கு மேல் குடும்பம் நடத்தினால் இதுதான் சங்கடம். ஒரு நல்ல காரியம்கூட சந்தேகப்படாமல் செய்ய விடமாட்டார்கள்.

நடந்தது என்னவென்றால்

டிவியில் சொன்னதை மறந்துவிடுங்கள். இங்கே சொல்வதுதான் நடந்தது.

எங்கள் அலுவலக அணிக்கும் போனக்காட்டுத் தோட்ட அணிக்கும் ஒரு கோப்பைப் போட்டியின் கடைசி ஆட்டம். தோட்டத்திலேயே வைத்திருந்தார்கள். மலையைச் செதுக்கிச் சமன் செய்த மைதானம், பாய் விரித்த பிட்ச், நான்கு பக்கமும் தேயிலை. தேயிலை தொடங்கும் இடம்தான் எல்லைக்கோடு.

தங்கராஜ் அப்போது தோட்டத்துத் தேயிலை ஃபேக்டரியில் மெஷின் பார்க்கிற இருபது வயதுக்காரர். தாத்தா காலத்தில் திருநெல்வேலிச் சீமையிலிருந்து கொழுந்து பறிக்க வந்த குடும்பம், தோட்டக் கூலிகளுக்கு வரிசையாகக் கட்டிய லயத்து வீடு. அன்று அவர் எங்கள் எல்லோரையும் சக்கையாகப் பிழிந்துகொண்டிருந்தார். எந்தப் பந்து எங்கே விழும் என்று எனக்கு முன்னால் அவருக்குத் தெரிந்தது.

தேநீர் இடைவேளையில் எங்கள் அலுவலகத்து ஸ்போர்ட்ஸ் செக்ரட்டரி என் காதில் சொன்னார். “சாமி, ஆபீஸ்ல ஒரு வேக்கன்சி இருக்கு. இந்தப் பையன் இந்த மேட்ச ஜெயிச்சுக் கொடுத்தா, திங்கக்கிழமை அவனுக்கு எழுதிடுவேன். நெருக்கடியில நிக்கறானான்னு பாக்கணும்.”

இதை நான் கேட்டேன். நன்றாகவே கேட்டேன். இதை நீங்கள் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

நாலு மணிக்குப் பனி இறங்கியது. போனக்காட்டுப் பனி பொறுமையாக வராது, கதவைத் திறந்துகொண்டு வருகிற மாதிரி வரும். கீழே போக அந்த நாளின் கடைசி பஸ் ஹார்ன் அடித்துக்கொண்டு நின்றது. ஆட்டத்தை நிறுத்தினால் கோப்பை இல்லை, நீட்டினால் பஸ் இல்லை. முடித்துவிடலாம் என்று இரண்டு தரப்பும் சொன்னார்கள். தோட்டத்து ஆட்கள் பனியில் ஆடிப் பழகியவர்கள். பந்து போகிற பக்கத்தைக் கூவிச் சொல்லி ஆடுவார்கள். மலைச்சரிவில் ஒருவரையொருவர் கூப்பிடுகிற அதே கூவல்தான்.

கடைசிப் பந்து. ஐந்து ரன் வேண்டும். நான் ஓடி வந்தேன். எதிரே தங்கராஜ் ஒரு சாம்பல் நிழல், அவ்வளவுதான். காலடியில் குத்துகிற யார்க்கர் போடத்தான் நினைத்தேன். பந்து ஈரத்தில் வழுக்கி, அரை முழம் முன்னாலேயே விழுந்து, ‘என்னை அடி’ என்று எழுந்து நின்றது. அவர் அடித்தார்.

மட்டையில் பட்ட சத்தம் எனக்கு நேராக வந்தது. நான் குனிந்தேன். குனியாமல் இருந்திருந்தால் இந்தத் தொடரை எழுத ஆள் இருந்திருக்காது. பந்து என் தலைக்கு மேலே, முடியைத் தொடுகிற மாதிரி சீறிக்கொண்டு போயிற்று. அதன் பிறகு ஒரு சத்தமும் இல்லை. தேயிலைச் செடிக்குள் விழுகிற பந்து சத்தம் போடாது. எல்லையில் நின்ற எங்கள் ஆட்களுக்குப் பந்து தலைக்கு மேல் போனதே தெரியவில்லை.

எதிர்முனையில் நின்ற தோட்டத்து ஆள் தலையைக் குனிந்தபடி ரன்னுக்கு ஓடிக்கொண்டிருந்தார். அம்பயர் விதுரையிலிருந்து வந்த வர்கீஸ் என்கிற வாத்தியார், பாவம், கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். வேகப்பந்துக்குப் பின்வாங்கி நின்ற எங்கள் விக்கெட் கீப்பர் பனிக்குள் முழுசாக மறைந்திருந்தான். அடித்தவரைத் தவிர, பார்த்தது நான் ஒருவன்.

ஒரு மாநிலப் பந்துவீச்சாளனை ஒரு ஃபேக்டரிப் பையன் கடைசிப் பந்தில் சிக்ஸ் அடிப்பதா? அந்த ஒரு நினைப்புத்தான். “ஹவ்ஸாட்!” என்று கத்திக்கொண்டே ஓடினேன். ஓடிய வேகத்தில் நடு ஸ்டம்பை இடது காலால் ஒரு தட்டுத் தட்டினேன். அது விழுந்தது. அம்பயர் வந்து சேர்ந்தபோது ஸ்டம்ப் படுத்திருந்தது, நான் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு குதித்துக்கொண்டிருந்தேன்.

“சிக்ஸ் சார்,” என்றார் தங்கராஜ். ஒரே ஒரு தடவைதான் சொன்னார்.

வர்கீஸ் சார் படுத்திருந்த ஸ்டம்பைப் பார்த்தார். என் நெற்றி விபூதியைப் பார்த்தார். விரலைத் தூக்கினார். கேட்டது ஸ்டம்ப் விழுந்த சத்தம்தான், பந்து அதைத் தட்டிவிட்டுப் பின்னால் ஓடைச் சரிவில் இறங்கியிருக்கும் என்று எல்லோருமாகச் சேர்ந்து முடிவு கட்டினார்கள்.

தங்கராஜ் என் முகத்தைப் பார்த்தார். நான் ஸ்டம்பைப் பார்த்தேன். அவர் மட்டையை அக்குளில் இடுக்கிக்கொண்டு பனிக்குள் நடந்து போனார்.

பஸ்ஸில் செக்ரட்டரி சொன்னார், “நல்ல பிளேயர். ஆனா கடைசியில நிக்கத் தெரியல.” நான் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு அப்போது வேலை இருந்தது, அணியில் இடம் இருந்தது, அந்தச் சிக்ஸால் எனக்கு ஒரு குறையும் வந்திருக்காது. அதை நினைத்தால்தான் இன்றைக்கும் உடம்பு கூசுகிறது.

பிற்பாடு தோட்டத்தில் வேலை குறைந்துபோய், அவர் மலையிறங்கி வந்து கல்லாற்றில் கடை போட்டிருக்கிறார். இது எனக்கு நிகில் சொல்லித்தான் தெரியும்.

ஆற்றங்கரையில்

இப்போது கடைக்கு வாருங்கள். நான் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறேன். இளைஞர்கள் கதை கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். என் பக்கத்தில் இருந்த லலிதா தலையைத் தூக்கிப் படத்தைப் பார்த்தாள்.

“ஏன்னா! இது நீங்கன்னா!”

கடை முழுக்கத் திரும்பியது.

“இவராக்கும் அது!” என்று லலிதா என் தொப்பியைப் பிடுங்கிவிட்டாள். “தும்மற மாதிரி நிக்கறாரே, எங்காத்திலயும் இப்படித்தான் நிப்பார். சந்தேகமே வேண்டாம்.”

அடுத்த கால் மணி நேரம் செல்ஃபி. இளைஞர்கள் என் வலது கை விரல்களைத் தனியாகப் படம் பிடித்தார்கள். தங்கராஜ் வந்து என் தோளில் கை போட்டு, எல்லாப் படத்திலும் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வந்ததெல்லாம் மறுபடியும் அந்தத் தும்மல் முகம்தான்.

கூட்டம் பைக்கில் ஏறிப் போனதும் அவர் லலிதாவிடம் ஒரு தட்டு பழம்பொரியைக் கொடுத்து உட்கார வைத்துவிட்டு, “சாரே, ஆத்தப் பாக்கலாம், வாங்க” என்று என்னைப் பின்புறம் கூட்டிப்போனார். பாறை மேல் உட்கார்ந்தோம். தண்ணீர் ஓடுகிற சத்தத்தில் பேசினால் கடைக்குக் கேட்காது.

“நான் யாருன்னு எப்ப தெரிஞ்சுது?” என்று கேட்டேன்.

“வாசல்ல நொழையும்போதே. தல இடிக்கும்னு குனிஞ்சீங்கல்லா? நீங்க குனியுறத நான் முன்னாடி ஒருக்கப் பாத்திருக்கேன்.”

கெஞ்ச வேண்டும் என்று வந்தவன் நான். வழியெல்லாம் வசனம் தயார் செய்திருந்தேன். ஆனால் அவர் அங்கே நின்று என் பொய்யை அவ்வளவு அழகாகச் சொல்லிக்கொண்டிருந்ததைக் கேட்ட பிறகு கெஞ்ச வாய் வரவில்லை.

“தங்கராஜ், அது சிக்ஸாக்கும். ஸ்டம்பை நான்தான் காலால தட்டினேன். ஞாயித்துக்கிழமை டிவில நானே சொல்லிடறேன்,” என்றேன். சொல்லும்போது நிஜமாகவே சொல்லிவிடுவதாகத்தான் இருந்தேன்.

அவர் பதறிப்போனார். “அய்யோ, வேண்டாம் சாரே! அப்படி ஒண்ணும் செஞ்சுராதீங்க.”

“ஏன்? கடைக்கு ஆள் வராதுன்னா?”

“கடையா? பழம்பொரி நல்லா இருந்தா ஆளு வரும். இது மகனுக்காக.” அவர் ஒரு கூழாங்கல்லை எடுத்துத் தண்ணீரில் போட்டார். “ஜீப்பு ஓட்டுதான். நல்ல பையன்தான், ஆனா எப்பவும் ஒரு கோவம். லயத்துல பொறந்தவனுக்கு இந்த ஊருல ஒண்ணும் கெடைக்காதுன்னு பறஞ்சுக்கிட்டே இருப்பான். அவன்கிட்ட நான் சொல்லுதது இது ஒண்ணுதான். எனக்கும் ஒரு சான்ஸு வந்துதுடே. நல்ல பந்து ஒண்ணு விழுந்துது, அவுட்டாயிட்டேன். யாரும் என்ன ஏமாத்தல.”

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

“நல்ல பந்துல அவுட்டானவன் வீட்டுக்குப் போய் ஒறங்கலாம் சாரே. ஏமாத்திட்டான்னு தெரிஞ்சவனுக்கு அது முடியாது. என் மகன் ஒறங்கணும்லா?”

“நீங்க உறங்கினேளா?”

“கொஞ்ச வருஷம் இல்ல,” என்றார். அப்புறம் எழுந்து, “சாயா ஆறிப்போவும், வாங்க” என்றார்.

அன்றைக்குப் பொன்முடி ஏறவில்லை. தலை சுற்றுகிறது என்று சொல்லித் திரும்பிவிட்டேன். லலிதா இன்றுவரை அதற்காக என்னை மன்னிக்கவில்லை.

நேரலை

ஞாயிற்றுக்கிழமை ஸ்டுடியோவில் ஒரு பிரச்சினை. விருந்தாளிகள் இரண்டு பேர், கோட்டு ஒன்று. நிகில் யோசித்துவிட்டுத் தங்கராஜுக்குப் போட்டுவிட்டான். அவருக்கென்றே தைத்த மாதிரி உட்கார்ந்தது. நான் வெறும் சட்டையோடு பக்கத்தில் உட்கார்ந்தேன். பார்த்தவர்கள் அவரை நிபுணர் என்றும் என்னைச் சாயக்கடைக்காரர் என்றும் நினைத்திருப்பார்கள்.

முன் வரிசையில் அவர் மகன். முப்பது வயது இருக்கும். கையைக் கட்டிக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

தங்கராஜ் ஆரம்பித்தார். அப்பப்பா! நான் எட்டு வருஷமாகக் கூட்டிக் கூட்டிச் சொன்னதெல்லாம் எதற்கும் காணாது. பந்து வந்த வழியில் பனி இரண்டாகப் பிளந்தது என்றார். ஸ்டம்ப் விழுந்த சத்தம் ஃபேக்டரி வரைக்கும் கேட்டது என்றார். ஒவ்வொன்றுக்கும் என் பக்கம் திரும்பி, “அல்லே சாரே?” என்பார். நான் “ஆமாம், ஆமாம்” என்பேன். அதுவரை அந்தக் கதையைச் சொல்லும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு நிமிரும். அன்று ஒவ்வொரு ஆமாமுக்கும் வெட்கத்தில் காது எரிந்தது.

“சார் அந்தப் பந்து எப்படிப் போட்டீங்கன்னு ஒண்ணு காட்டலாமா?” என்றான் நிகில்.

எட்டு வருஷத்தில் முதல் தடவையாகக் கோட்டு இல்லை. தப்பிக்க வழி இல்லை. எழுந்து நின்று கையை ஒரு சுழற்றுச் சுழற்றினேன். தோளில் ஏதோ ‘டக்’கென்று மாட்டிக்கொண்டது. கை மேலேயே நின்றுவிட்டது. நேரலையில் “அம்மா!” என்று அலறினேன். அதையும் நீங்கள் மொபைலில் பார்த்திருப்பீர்கள். பார்க்காதவர்கள் யாரும் இருப்பதாகத் தெரியவில்லை.

தங்கராஜ்தான் எழுந்து வந்து கையைப் பிடித்து மெதுவாக இறக்கிவிட்டார். முன் வரிசையில் அவர் மகன் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தான். அன்று மாலை அவன் முகத்தில் கோபம் என்று ஒன்று இருந்ததாகவே தெரியவில்லை. வெளியே வந்ததும் என் கையைக் குலுக்கி, “சாரே, அப்பா பறஞ்சது சரிதான். நல்ல பந்தாயிருந்தது” என்றான். இதைவிட அவன் என்னை இரண்டு அறை அறைந்திருக்கலாம்.

ஒரு பிரதி

அவன் ஜீப்பை எடுக்கப் போனபோது நாங்கள் இருவரும் வாசலில் நின்றோம். ஒரு தமிழ்ப் பத்திரிகையில் என் கதையை வாராவாரம் எழுதச் சொல்லியிருக்கிறார்கள் என்று சொன்னேன்.

“போனக்காட்டை விட்டுடறேன். டிவில சொன்னதே போறும். மறுபடியும் அதை எழுத்தில வேற போட என்னால முடியாது,” என்றேன்.

அவர் மகன் போன பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார்.

“தமிழ்லயா எழுதுதீங்க?”

“ஆமா.”

“என் மகனும் மகளும் மலையாளம் மீடியம். வீட்டுல தமிழ் பேசும், ஒரெழுத்து வாசிக்கத் தெரியாது. அவங்க அம்மைக்குப் படிப்பே இல்ல. கல்லாறுல அந்தப் புத்தகம் வாங்க ஆளில்ல.” அவர் கணக்குப் போடுகிறவர் போல விரல் மடக்கினார். “எனக்கு எங்க அப்பா படிச்சுக் குடுத்தாரு. எங்க வீட்டுல தமிழ் வாசிக்கது நான் ஒருத்தன்தான்.”

நான் அவர் முகத்தைப் பார்த்தேன்.

“நடந்தத நடந்தபடி எழுதுங்க சாரே. அன்னிக்கு நான் எண்பத்து மூணு. அந்த ஆறையும் சேத்து எழுதணும். எழுதிட்டு எனக்கு ஒண்ணு அனுப்புங்க. ஒண்ணு போதும்.”

ஜீப் வந்து நின்றது. ஏறிப் போய்விட்டார்.

வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. தங்கராஜ் என்பது அவருடைய சொந்தப் பெயர் அல்ல. கல்லாற்றில் போய்த் தேடாதீர்கள், அங்கே என் படம் மாட்டிய கடை ஒன்றுமே இல்லை என்று சத்தியம் செய்யத் தயாராக இருக்கிறேன். என் சத்தியத்துக்கு என்ன மதிப்பு என்பது இதற்குள் உங்களுக்குத் தெரிந்திருக்கும். மலையாளம் மட்டும் தெரிந்த நண்பர்களுக்கு இந்த வாரத்தை வாசித்துக் காட்ட வேண்டாம். மற்ற வாரங்களைத் தாராளமாக வாசித்துக் காட்டலாம்.

இனி வருவது ஒரே ஒருவருக்கு.

பந்து ஈரத்தில் வழுக்கியது. யார்க்கர் இல்லை, நல்ல பந்தே இல்லை. நீங்கள் நேராக அடித்தீர்கள். நான் குனிந்தேன். பந்து தேயிலையில் விழுந்தது. போனக்காடு ஜெயித்தது.

தங்கராஜ், எண்பத்தொன்பது, நாட் அவுட்.